வளவுச் சுவரில் முட்டை இருந்ததா? ஒரு ஜெல் வடிகட்டல் நிகழ்வு ஆய்வு

பின்னணி

காரைக்குடியில் இருந்து பேருந்தில் அரை மணி நேரத் தொலைவில் ஒரு நகரத்தார் வீடு. 1920களில் கட்டியது என்கிறார்கள். முகப்பில் பர்மா தேக்குத் தூண்கள், உள்ளே ஆத்தங்குடிக் கல் பதித்த தரை, அதைத் தாண்டினால் வளவு, அதாவது நடு முற்றமும் அதைச் சுற்றிய பகுதியும். வளவின் மேற்குச் சுவர் ஐப்பசி மழையில் ஓதம் ஏறி, கை அகலத்துக்குப் பூச்சு பெயர்ந்து விழுந்தது. அதற்குச் சில வருடங்களுக்கு முன்பு ஒரு ஒப்பந்தக்காரர் அதே சுவரின் கீழ்ப்பகுதியில் சிமெண்ட் பூசிவிட்டுப் போயிருந்தார். ஈரம் வெளியேற வழியில்லாமல் மேலே ஏறியதுதான் இந்தப் பெயர்ச்சிக்குக் காரணம் என்று பார்த்தவர்கள் எல்லோரும் சொன்னார்கள்.

வீட்டைப் பார்த்துக்கொள்ளும் ஆச்சி, பழைய முறையிலேயே பூச வேண்டும் என்று இரண்டு கொத்தனார்களை வரவழைத்தார். சுண்ணாம்பு, கடுக்காய், கருப்பட்டி வரைக்கும் இருவரும் ஒத்துப்போனார்கள். கடைசிப் பூச்சில்தான் தகராறு. "முட்டை வெள்ளைக்கரு இல்லாம இந்தப் பளபளப்பு வராது ஆச்சி" என்றார் மூத்தவர். "முட்டையெல்லாம் கதை. கடுக்காய்த் தண்ணியும் கல்லு வச்சுத் தேய்க்கிற கையும்தான் வேலை செய்யுது" என்றார் இளையவர். ஆச்சிக்கு இதில் இன்னொரு சிக்கல். அதே சுவர் வளைந்து போய்ச் சாமி அறையிலும் முடிகிறது.

நான் பக்கத்து ஊர்க் கல்லூரி ஒன்றில் உயிர்வேதியியல் நடத்துகிறேன். என்னிடம் முதுகலைத் திட்டப்பணி செய்துகொண்டிருந்த மாணவிக்கு ஆச்சி தூரத்து உறவு. அவள் வழியாகத்தான் விஷயம் வந்தது. "இருந்தது எதுவோ அதையே பூசணும் தம்பி. முட்டை இருந்துச்சா இல்லையான்னு மட்டும் சொல்லுங்க" என்றார் ஆச்சி. எங்களிடம் இருந்த கருவி ஒன்றே ஒன்று: ஜெல் வடிகட்டலுக்கான ஒரு கண்ணாடிக் குழாய். அதை வைத்துப் பதில் சொல்லிவிடலாம் என்று ஒப்புக்கொண்டேன்.

கருவி என்ன செய்யும்

சல்லடையில் சிறியது முதலில் விழும், பெரியது மேலே தங்கும். ஜெல் வடிகட்டலில் இது தலைகீழ். குழாய் முழுக்க ஊறிய ஜெல் மணிகள். ஒவ்வொரு மணியிலும் நுண்ணிய துளைகள். பெரிய மூலக்கூறு எந்தத் துளைக்குள்ளும் நுழைய முடியாமல் மணிகளுக்கு இடையே ஓடி முதலில் வெளியே வந்துவிடும். சின்ன மூலக்கூறு ஒவ்வொரு துளையிலும் புகுந்து புறப்பட்டுத் தாமதமாக வரும். தேர் ரத வீதியோடு போய் நிலைக்கு வந்துவிடும், கூட வந்த பொடியன்கள் சந்து சந்தாக நுழைந்து கடைசியில் வந்து சேர்வார்கள். அதுபோல.

இந்த முறையை 1959இல் சுவீடனின் உப்சாலாவில் இருந்து போரத்தும் ஃப்ளோடினும் வெளியிட்டார்கள். டெக்ஸ்ட்ரான் என்ற சர்க்கரைச் சங்கிலியைக் குறுக்கே பிணைத்துச் செய்த மணிகள் அந்த வருடமே செஃபடெக்ஸ் என்ற பெயரில் விற்பனைக்கு வந்தன. எங்களிடம் இருந்தது செஃபடெக்ஸ் ஜி-75. உருண்டை வடிவப் புரதங்களில் ஏறக்குறைய 3,000 முதல் 80,000 டால்டன் (மூலக்கூறு எடையின் அலகு) வரை பிரித்துக் காட்டும்.

முட்டை வெள்ளைக்கருவுக்கு இது தோதான அளவு. அதன் புரதத்தில் பாதிக்குச் சற்று மேல், சுமார் 54 சதவீதம், ஓவால்புமின். எடை 45,000 டால்டன். 76,000 அளவில் ஓவோடிரான்ஸ்ஃபெரின் ஒன்று சுமார் 12 சதவீதம். 14,300 எடையுள்ள லைசோசைம் மூன்றரை சதவீதம்தான். சுவரில் இருந்து எடுத்த கரைசலைக் குழாயில் விட்டு, 45,000க்கு உரிய இடத்தில் ஒரு முகடு வந்தால் முட்டை என்று சொல்லிவிடலாம் என்பது என் கணக்கு. அந்தக் கணக்கு எங்கே இடறியது என்பதுதான் இந்தக் குறிப்பு.

தயாரிப்பு

விழுந்த சில்லுகளைத்தான் எடுத்தோம், சுவரைத் தொடவில்லை. ஒரு சில்லைப் பக்கவாட்டில் திருப்பி விளக்கில் காட்டினால் அடுக்குகள் தெரியும். கீழே மணல் தெரியும் சாம்பல் நிறச் சாந்து, அதற்கு மேல் மெல்லிய வெள்ளை, உச்சியில் நகத்தை விட மெல்லிய, பீங்கான்போல ஒரு தோல். அந்தத் தோலை மட்டும் சவரக் கத்தியால் சுரண்டி 2 கிராம் சேர்க்க மாணவிக்கு இரண்டு நாள் ஆனது.

கரைக்க அமிலம் வேண்டாம் என்று முடிவு செய்தோம். நுரைத்துக்கொண்டு உடனே கரையும்தான், ஆனால் உள்ளே இருக்கும் புரதம் திரிந்துவிடலாம். கால்சியத்தைக் கவ்வி இழுக்கும் இடிடிஏ கரைசலை எடுத்தோம். கணக்கு எளிது: 2 கிராம் கால்சியம் கார்பனேட் என்பது 0.02 மோல், அதற்கு 0.5 மோலார் இடிடிஏ 40 மில்லி வேண்டும். கொஞ்சம் கூட்டி 50 மில்லி. இடிடிஏ தூள் சும்மா தண்ணீரில் கரையாது, எவ்வளவு கலக்கினாலும் மோர்போலக் கலங்கியே நிற்கும். சோடியம் ஹைட்ராக்சைடு சேர்த்து பிஎச் 8ஐ நெருங்கும்போதுதான் சட்டென்று தெளியும். மாணவி அதைத் தெரியாமல் முதல் நாள் காலை முழுக்கக் கலக்கியிருக்கிறாள், பாவம்.

ஜெல்லை ஒரு நாள் முழுக்க அறை வெப்பத்தில் ஊறவைத்தோம். ஏறக்குறைய 10 கிராம் உலர்ந்த தூள் ஊறி, ஒன்றரை செண்டிமீட்டர் விட்டக் குழாயில் 70 செண்டிமீட்டர் உயரத்துக்கு நின்றது. மொத்தக் கனவளவு 124 மில்லி. ஓடவிட டிரிஸ் பஃபர் (பிஎச் மாறாமல் காக்கும் கரைசல்), பிஎச் 8, அதில் 0.15 மோலார் சோடியம் குளோரைடு. பாஸ்பேட்டைத் தவிர்த்தது, கால்சியத்தோடு சேர்ந்து அது படிந்துவிடும் என்பதால். உப்பு சேர்த்தது, ஜெல்லில் இருக்கும் சொற்ப எதிர் மின்னேற்றங்கள் லைசோசைம் போன்ற காரப் புரதங்களைப் பிடித்து வைக்காமல் இருக்க.

எடை தெரிந்த பொருட்களை ஓட்டி, ஒவ்வொன்றும் எத்தனை மில்லி பஃபர் வெளியேறியபின் வருகிறது என்று அளவுகோல் போட்டோம். இருபது லட்சம் டால்டன் எடையுள்ள நீல டெக்ஸ்ட்ரான் எந்தத் துளையிலும் நுழையாமல் 42 மில்லியில் வந்தது. ஓவால்புமின் 58இல். சிவப்பாக இறங்கிய சைட்டோகுரோம் சி, எடை 12,400, 85இல். இளஞ்சிவப்பு பி12 வைட்டமின், 1,355 டால்டன், 116இல். தானாகச் சேகரிக்கும் கருவி பழுதாகிக் கிடந்ததால் கைபேசியில் மணி வைத்து எட்டு நிமிடத்துக்கு ஒரு சோதனைக் குழாய், ஒவ்வொன்றிலும் 2 மில்லி. ஒரு ஓட்டம் முடியப் பத்து மணி நேரத்துக்கு மேல் ஆகும்.

முதல் ஓட்டம், முதல் தவறு

பளபளப்புத் தோலின் கரைசல் 2 மில்லியை அப்படியே ஏற்றினோம். ஒவ்வொரு குழாயையும் 280 நானோமீட்டரில் படித்தோம், புரதம் அங்கே ஒளியை உறிஞ்சும் என்பதால். 58இல் ஒன்றும் இல்லை. 83இல் அகலமான ஒரு முகடு. அப்புறம் 160இல் இன்னொன்று.

83ஐ அளவுகோலில் வைத்தால் சுமார் 13,600 டால்டன். "சார், லைசோசைம் வந்துருச்சு சார்!" என்றாள் மாணவி. எனக்கும் உற்சாகம். பாதிக்கு மேல் இருக்க வேண்டிய ஓவால்புமின் காணோம், மூன்றரை சதவீத லைசோசைம் மட்டும் இவ்வளவு பெரிதாக நிற்கிறது, இது எப்படி என்று அப்போதே கேட்டிருக்க வேண்டும். கேட்டோம், ஆனால் பதிலையும் நாங்களே தயாரித்துக்கொண்டோம்: லைசோசைமில் நான்கு டைசல்பைடு பிணைப்புகள் (கந்தக அணுக்கள் இரண்டிரண்டாகச் சேர்ந்த பிணைப்புகள்) உண்டு, கெட்டியான புரதம், அது மட்டும் தப்பியிருக்கும். உண்மையில் சுண்ணாம்பின் காரத்தில் முதலில் அறுபடுவதே டைசல்பைடு பிணைப்புதான். இதைப் பாடத்தில் நானே நடத்தியிருக்கிறேன்.

160இல் வந்ததை அழுக்கு என்று ஒதுக்கினோம். குழாயின் மொத்தக் கனவளவே 124. எல்லாத் துளையிலும் புகுந்து வரும் மிகச் சிறிய மூலக்கூறுகூட அதற்குள் வந்துவிட வேண்டும். அதற்குப் பிறகு வருவது அளவைச் சொல்லவில்லை, ஜெல்லில் எதுவோ ஒட்டிக்கொண்டு வந்ததைச் சொல்கிறது. மொத்த நிகழ்விலும் மிகத் தெளிவான தடயம் அதுதான், அதைத்தான் தூக்கிப் போட்டோம்.

அன்று மாலையே ஆச்சிக்குத் தொலைபேசியில் சொல்லிவிட்டேன்: "முட்டை இருக்கிற மாதிரிதான் தெரியுது ஆச்சி." அவர் மூத்த கொத்தனாரிடம் சொல்ல, மறுநாள் வீட்டில் இரண்டு தட்டு முட்டை வந்து இறங்கியது.

இரண்டு பலகைகள்

திருத்தம் எங்கள் திட்டத்தில் இருந்து வரவில்லை. ஆச்சி மினுமினுப்பை ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக இரண்டு கொத்தனார்களும் ஆளுக்கொரு மாதிரிப் பலகை பூசி முகப்பில் சாத்தி வைத்திருந்தார்கள், ஒன்று முட்டையோடு, ஒன்று முட்டை இல்லாமல். பூசி ஆறு வாரம் ஆகியிருந்தது. மேலும் சில்லு எடுக்கப் போன மாணவி அதைப் பார்த்துவிட்டு, "ரெண்டையும் ஓட்டிப் பாத்துரலாமா சார்?" என்றாள். முதல் ஓட்டத்துக்கு முன்பே நான் கேட்டிருக்க வேண்டிய கேள்வி.

முட்டை இல்லாத பலகையின் மேல்தோலை அதே மாதிரிக் கரைத்து ஏற்றினோம். 83இல் முகடு. 160இல் முகடு. பழைய சுவரின் படத்தின் மேல் வைத்தால் ஒன்றுக்கொன்று பொருந்தியது.

ஆக, நாங்கள் கண்டது கடுக்காய். அதன் டானின்களும் (துவர்ப்புப் பொருட்களும்) அவை காரத்தில் உடைந்தும் ஒன்றோடொன்று கோத்தும் உண்டான பழுப்புப் பொருட்களும் 280இல் நன்றாகவே ஒளியை உறிஞ்சும். கோத்துப் பெருத்தவை 83 பக்கம் வந்தன. சிறிய வளைய மூலக்கூறுகள் டெக்ஸ்ட்ரான் ஜெல்லில் ஒட்டி ஒட்டி 160இல் வந்தன. செஃபடெக்ஸில் இப்படி வளையம் உள்ள அரோமாட்டிக் பொருட்கள் பின்தங்குவது பழைய செய்தி. 160ஆம் மில்லிக் குழாயில் ஒரு துளி ஃபெரிக் குளோரைடு விட்டதும் மைபோலக் கருநீலம் ஆனது. 83ஆம் குழாயில் புரதத்துக்கான பிராட்ஃபோர்டு சாயத்தை விட்டோம். புரதம் இருந்தால் நீலமாகும். பழுப்பாகவே இருந்தது.

ஆச்சியிடம் நேரில் போய்ச் சொன்னேன். தொலைபேசியில் சொல்ல மனம் வரவில்லை. "அப்ப முட்டை இல்லையா?" என்றார். "இல்லைன்னும் சொல்ல முடியலை ஆச்சி. நான் சொன்ன காரணம் தப்பு" என்றேன். அவர் சிரித்துவிட்டு, வாங்கிய முட்டை வேலையாட்களுக்குப் பொரித்துப் போட்டாயிற்று என்றார். மூத்த கொத்தனார் மட்டும் இரண்டு வாரம் என்னோடு பேசவில்லை.

இரண்டாம் சுற்று: என்ன மாற்றினோம், ஏன்

கடுக்காயைக் குழாய்க்கு வெளியிலேயே கழித்துவிட்டு, புரதத்தைச் செறிவாக்கி, 280ஐ நம்பாமல் பிராட்ஃபோர்டை நம்புவது என்று முடிவு செய்தோம். 50 மில்லிக் கரைசலையும், சிறிய மூலக்கூறுகளை மட்டும் வெளியே விடும் டயாலிசிஸ் பையில் போட்டு, பஃபரை மூன்று முறை மாற்றி, பிறகு பையைப் பாலிஎத்திலீன் கிளைக்கால் தூளில் புதைத்து 3 மில்லியாக வற்றவைத்தோம். இந்த முறை நான்கு மாதிரிகள்: பழைய பளபளப்புத் தோல், அதற்குக் கீழே இருந்த சாந்து, முட்டைப் பலகை, முட்டையில்லாப் பலகை. பலகைகள் இரண்டு வெவ்வேறு கைகளின் வேலை என்பதால் மூத்தவரிடம் கெஞ்சி அவர் கையாலேயே முட்டை இல்லாத பலகை ஒன்றும் பூசி வாங்கினோம். அது காயக் காத்திருந்ததில் மாசி போய்விட்டது.

முட்டைப் பலகைதான் எங்களை யோசிக்க வைத்தது. நேற்று உடைத்த முட்டை குழாயில் 58இல் ஊசிபோல ஒரு முகடு தரும். ஆறு வாரம் சுண்ணாம்பில் இருந்த முட்டை அப்படித் தரவில்லை. 58இல் தேய்ந்துபோன ஒரு மேடு, 42இல் அதைவிடப் பெரிய ஒன்று. சுண்ணாம்புத் தண்ணீரின் பிஎச் பன்னிரண்டுக்கு மேல். அந்தக் காரத்தில் புரதச் சங்கிலி அங்கங்கே அறுபடும், சில இடங்களில் ஒன்றோடொன்று நிரந்தரமாகப் பிணைந்தும் கொள்ளும். ஆறு வாரத்திலேயே இந்த நிலை என்றால், நூறு வருடத்தை நெருங்கும் சுவரில் 45,000க்கு ஒரு முகடு தேடியது வெகுளித்தனம்.

பழைய தோலில் மங்கலான நீலம் கிடைத்தது, 42இல் தொடங்கிப் படிப்படியாகச் சரிந்து 70க்குப் பக்கத்தில் சட்டென்று நின்றது. கீழ்ச் சாந்தில் எதுவும் இல்லை. முட்டையில்லாப் பலகை இரண்டிலும் இல்லை.

அந்தச் "சட்டென்று" எனக்கு உறுத்தியது. வயதில் உதிர்ந்த புரதம் சீராகத் தேயும், விளிம்பு கட்டி நிற்காது. பையின் உறையைத் தேடிப் படித்தால், 12,000 டால்டனுக்குக் கீழே உள்ளதை வெளியே விடும் பை. அந்த அளவை நெருங்குவதும் மெல்லக் கசியும், மூன்று முறை பஃபர் மாற்றியதில் அதுவும் போயிருக்கும். நாங்கள் பார்த்த விளிம்பு பையின் துளை. 3,500க்கு உரிய பையை ஒரு நண்பரிடம் கடன் வாங்கி மீண்டும் செய்தோம். இந்த முறை நீலம் 95 வரை இழுத்துக்கொண்டு போய்க் கரைந்தது. கீழ்ச் சாந்தையும் முட்டையில்லாப் பலகையையும் அதே பையில் மீண்டும் ஓட்டினோம். அப்போதும் நீலம் இல்லை.

முடிவு

பங்குனியில் ஆச்சிக்கு ஒரு பக்கத்தில் எழுதிக் கொடுத்தோம். உச்சிப் பூச்சில் புரதம் இருக்கிறது. அதற்குக் கீழே இல்லை. அந்தப் புரதம் பல அளவுகளில் உடைந்தும் பிணைந்தும் கிடக்கிறது. கடைசிப் பூச்சில் மட்டும் முட்டை சேர்ப்பார்கள் என்று மூத்த கொத்தனார் சொல்வதோடு இது ஒத்துப்போகிறது. ஆனால் அது முட்டைதானா, தயிரா, வேறு ஏதாவது புரதமா என்று இந்தக் கருவியால் சொல்ல முடியாது. அளவு தெரியும், பெயர் தெரியாது.

இளைய கொத்தனார் சொன்னதில் பாதியும் நின்றது. அவருடைய முட்டையில்லாப் பலகை விரல் வைத்துப் பார்த்தால் மற்றதுக்குக் கொஞ்சமும் குறையாத வழவழப்பு. பல வருடம் தாங்குவதில் வேறுபாடு இருக்குமா என்பது எங்கள் கேள்விக்கு வெளியே.

ஆச்சி இரண்டு பலகைகளையும் வெயிலில் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு முடிவு சொன்னார்: வளவில் மூத்தவர் முட்டையோடு பூசட்டும், சாமி அறைப் பக்கம் இளையவர் முட்டை இல்லாமல் பூசட்டும். சுவரின் கீழே இருந்த சிமெண்டை முதலில் கொத்தி எடுக்க வைத்தார். என்னைக் கேட்டால், அந்த வீட்டுக்கு இந்த மொத்த வேலையிலும் அதிகம் பயன்பட்டது அந்தக் கொத்தல்தான். அதற்கு ஜெல் தேவைப்படவில்லை.

மறுபடி செய்தால்

பலகைகளை முதல் நாளே பூசச் சொல்லியிருப்பேன். காயும் ஆறு வாரத்தில் அளவுகோல் வேலையை முடித்திருக்கலாம், மூன்று ஓட்டங்களும் ஒரு தொலைபேசி அழைப்பும் மிச்சமாகியிருக்கும். 280ஐயும் பிராட்ஃபோர்டையும் ஒவ்வொரு குழாயிலும் சேர்த்தே படித்திருப்பேன். பையின் துளை அளவைப் பதிவேட்டில் முதல் வரியாக எழுதச் சொல்லியிருப்பேன். இப்போது எழுதச் சொல்கிறேன். மொத்தக் கனவளவுக்கு மேல் ஏதாவது வந்தால் அதை முதலில் விசாரிப்பது எங்கள் ஆய்வகத்தில் வழக்கமாகிவிட்டது. இடிடிஏ இருக்கும் குழாய்களில் ஃபெரிக் குளோரைடு சோதனையை நம்புவதில்லை, இரும்பையும் அது கவ்விக்கொள்ளும். 160இல் அது வேலை செய்ததற்குக் காரணம், இடிடிஏ 120 பக்கமே போய்விட்டது.

முட்டையா என்ற கேள்விக்கு ஓவால்புமினை அடையாளம் காணும் எதிர்ப்புரதச் சோதனையோ, துண்டுகளின் வரிசையைப் படிக்கும் நிறை நிறமாலையோ வேண்டும். எங்களிடம் இரண்டும் இல்லை. பழைய தோலின் செறிவான கரைசல் அரை மில்லி மிச்சம் இருக்கிறது. குளிர்பெட்டியின் மேல் தட்டில், மாணவியின் கையெழுத்தில் "வளவு, மேற்குச் சுவர், தோல், 3,500 பை" என்று ஒட்டி வைத்திருக்கிறோம்.